கீழ்ப்படிதலும் மனச்சாட்சியும்



பிரித்தானியாவில் 16 வயது நிரம்பிய பிள்ளை இராணுவத்திற் சேரலாம். 18 வயதுக்குட்பட்டவராயின் பெற்றோரின் சம்மதம் வேண்டும். இங்கிலாந்தின் ஹரோகேற் நகரிலுள்ள இராணுவக் கல்லூரியில் இத்தகைய பிள்ளைகள் பயிற்சி பெறுகின்றனர். அதிகாலையில் எழுதல், கட்டிலைச் சீராக்குதல், சப்பாத்தை மினுக்குதல், அணிநடை பழகுதல், துப்பாக்கியைக் கையாளுதல் என்பன அங்கு கற்பிக்கப்படுகின்றன. துணிவு, ஒழுக்கம், பிறரை மதித்தல், நேர்மை, பற்றுறுதி, தன்னலமற்ற அர்ப்பணம் ஆகிய ஆறு பண்புகளும் போதிக்கப்படுகின்றன. இவற்றுள் எதனை நாம் குறைகூற முடியும்?

ஆயினும் ஒரு கேள்வி எழுகின்றது. கட்டளை காதில் விழுந்ததும் தயக்கமின்றி இயங்குவதற்கே வீரன் பழக்கப்படுகின்றான். போர்முனையில் அப்பழக்கம் உயிர்களைக் காக்கும். அதே பழக்கம் தீமைக்கும் துணைபோகாதா?

2003 செப்ரெம்பரில் ஈராக்கின் பஸ்றா நகரில் பஹா மூசா என்னும் விடுதி ஊழியர் பிரித்தானியப் படையினரின் காவலில் இறந்தார். அவருடலில் 93 காயங்கள் காணப்பட்டன. 2011இல் வெளியான விசாரணை அறிக்கை, அடித்தவர்களை மட்டுமன்றி, அறிந்தும் வாய்திறவாதிருந்தவர்களின் அறத்துணிவின்மையையும் கண்டித்தது. அவர்கள் பயிற்சி பெறாதவர்களா? அல்லர்.

பிரித்தானியாவின் 2006ஆம் ஆண்டுப் படைச்சட்டங்கூட, சட்டபூர்வமான கட்டளையை மீறுவதையே குற்றமென்கின்றது. திருச்சபையும் 1965இல், இரண்டாம் வத்திக்கான் சங்கத்தில், நாட்டைக் காக்கும் போர்வீரரை மதித்துப் பேசிய அதே ஏட்டில், குருட்டுக் கீழ்ப்படிதல் கொடுமைக்குச் சாட்டாகாதெனப் போதித்தது. ஆகவே, எந்தக் கட்டளையை மறுப்பதென்று அந்தக் கணத்தில் வீரனே தீர்மானிக்க வேண்டும். அதற்கான பயிற்சியை அவன் எங்கே பெறுவான்?

முதலில் வீட்டிலேதான். "சொன்னதைச் செய், கேள்வி கேளாதே" என்று மட்டும் வளர்க்கப்பட்ட பிள்ளை, கட்டளையிடுபவர் மாறினாலும் அவ்வாறே செய்யும். காரணங்கூறி வளர்க்கப்பட்ட பிள்ளைக்கே தீய கட்டளையின் முன் தரித்து நிற்கத் தெரியும்.

தாம் செய்யவேண்டியது யாதெனப் போர்வீரரும் ஸ்நாபக அருளப்பரிடம் கேட்டனர். சேவகத்தை விட்டுவிடும்படி அவர் கூறவில்லை. எவரையும் அச்சுறுத்திப் பறிக்கலாகாதென்றே கூறினார். சீருடை அணிந்தவனுக்கும் மனச்சாட்சி உண்டென்பதை அவர் மறக்கவில்லை.

பெற்றோரே, பிள்ளையின் பயிற்சிக்கு நீங்கள் கையொப்பமிடலாம். அதன் மனச்சாட்சியை எவருக்கும் எழுதிக்கொடுக்க உங்களால் இயலாது. இன்று உங்கள் பிள்ளை "ஏன்?" என்று கேட்டால், அதட்டாது பதில் கூறுங்கள்.