மன்னிப்பவன் மறக்கவும் வேண்டுமா?

"நடந்தது நடந்துவிட்டது, மன்னித்து மறந்துவிடுங்கள்." வீட்டுச் சண்டையைத் தீர்க்க வருபவர் தொடக்கம் நாட்டுப் பிணக்கைத் தீர்க்க வருபவர் வரை எல்லோர் வாயிலும் வருகின்ற புத்திமதி இது. மன்னிப்பையும் மறதியையும் ஒரே மூச்சிற் சொல்லிப் பழகிவிட்டதனால் இரண்டும் ஒன்றே என்று எண்ணத் தலைப்பட்டுவிட்டோம். அயல்வீட்டார் வேலியை ஓர் அடி தள்ளிப் போட்டதை மறந்துவிடுவது பெருந்தன்மைதான். ஆனால் ஓர் இனத்தையே வேரோடு பிடுங்கி எறிந்த கொடுமையையும் அப்படி மறந்துவிடலாமா? மறக்க மறுப்பவன் மன்னிக்க மறுப்பவன் ஆகிவிடுவானா? இக்கேள்விக்கு விடை தேடுவோர் ஆர்மேனிய மக்களின் வரலாற்றைச் சற்று நின்று பார்க்க வேண்டும்.

ஆர்மேனியர் எமக்கு முற்றிலும் அந்நியர் அல்லர். நான்காம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே கிறிஸ்தவத்தைத் தம் நாட்டின் சமயமாக ஏற்றுக்கொண்டவர்கள் அவர்கள். வணிகராகச் சென்னைக்கு வந்து குடியேறியவர்களும் உண்டு. உலகின் முதலாவது ஆர்மேனியப் பத்திரிகையை 1794ஆம் ஆண்டு சென்னையிலே அச்சிட்டு வெளியிட்டவர் ஹரூத்தியூன் ஷ்மாவோனியன் என்ற குருவானவரே. அவர்கள் வாழ்ந்த ஆர்மேனியன் தெரு, ஊர் வழக்கில் 'அரண்மனைக்காரன் தெரு' ஆகிவிட்டது.

இம்மக்களுட் பெருந்தொகையினர் ஒட்டோமன் துருக்கியப் பேரரசிலே வாழ்ந்தனர். முதலாம் உலகப் போர் நடந்துகொண்டிருந்த வேளை, 1915 ஏப்ரல் 24ஆந் திகதி இரவு, தலைநகராகிய கொன்ஸ்தாந்திநோபிளில் ஆர்மேனியக் கல்விமான்கள், எழுத்தாளர்கள், குருமார் என 200க்கும் மேற்பட்டோர் கைதுசெய்யப்பட்டனர். அதன்பின் ஊர் ஊராக ஆண்கள் கொல்லப்பட்டனர். பெண்களும் பிள்ளைகளும் முதியோரும் சிரியப் பாலைவனத்தை நோக்கிக் கால்நடையாக ஓட்டிச் செல்லப்பட்டனர். பசியாலும் தாகத்தாலும் நோயாலும் வாளாலும் மாண்டவர்களின் தொகையை வரலாற்றாசிரியர்கள் 6 இலட்சம் முதல் 15 இலட்சம் வரை கணிக்கின்றனர். மார்டின் நகரின் ஆர்மேனியக் கத்தோலிக்கப் பேராயர் இக்னேசியஸ் மலோயன் ஆண்டகையும் அவ்வாண்டு ஜூன் மாதத்திற் கொல்லப்பட்டார். 2025 ஒக்ரோபர் 19இல் அவர் புனிதராக உயர்த்தப்பட்டார்.

ஏப்ரல் 24இற் பிடிபட்டவர்களுள் கிரிகோரிஸ் பலாக்கியன் என்ற ஆர்மேனியக் குருவானவரும் ஒருவர். பாலைவனத்தை நோக்கி நடத்திச் செல்லப்பட்ட வழியில், காவலுக்கு வந்த துருக்கியத் தளபதி ஒருவர் அவரோடு பேச்சுக் கொடுத்தார். யோஸ்காட் பகுதியில் ஆயிரக்கணக்கானோர் எவ்வாறு கொல்லப்பட்டனர் என்பதை ஒளிவுமறைவின்றிச் சொன்னார். இந்தக் குருவும் சாகப் போகிறவர்தானே, இவர் யாரிடம் போய்ச் சொல்லப் போகிறார் என்ற எண்ணமே அவர் நாவை அவிழ்த்தது. ஆனால் குருவானவர் சாகவில்லை. மாறுவேடம் பூண்டு தப்பினார். தாம் கண்டதையும் கேட்டதையும் எழுதினார். 'ஆர்மேனியாவின் கொல்கொத்தா' என்ற அந்நூலின் முதற் பாகம் 1922இல் வியன்னாவில் வெளிவந்தது. அதற்கு முன்னரே, 1921இல், பெர்லின் நீதிமன்றம் ஒன்றிலும் அவர் சாட்சி சொன்னார்.

கொலை செய்பவன் சாட்சியையும் கொல்லவே பார்க்கிறான். ஆகவே தப்பியவன் வாய் திறப்பது அவனுடைய உரிமை மட்டுமன்று. இறந்தவர்களுக்கு அவன் பட்ட கடன். சொல்லாமல் விட்டால் அவர்கள் இரண்டாம் முறையும் சாகிறார்கள்.

ஆயினும் தப்பியவர் சொல் ஒன்றே போதாது என்பதையும் ஒப்புக்கொள்ள வேண்டும். மனிதனுடைய ஞாபகம் தவறக்கூடும். துயரம் சிலவற்றைப் பெரிதாக்கும், சிலவற்றை மறைக்கும். மறுக்க நினைப்பவனுக்கு ஒரு சிறு பிழை போதும். அதைப் பிடித்துக்கொண்டு முழுவதையும் தள்ளிவிடுவான். போர்க்காலத்திற் பலரும் இறந்தனர், இவர்களும் இறந்தனர், அழிக்கும் நோக்கம் அரசுக்கு இருந்ததில்லை என்பதே துருக்கிய அரசின் வாதமாக இன்றுவரை இருந்து வருகிறது. இங்கேதான் வரலாற்றாசிரியன் வேண்டப்படுகிறான். அவன் கேட்பான், ஒப்பிடுவான், எழுத்திலே ஆதாரம் தேடுவான்.

இதற்கு ஓர் எடுத்துக்காட்டு. போர் முடிந்தபின் துருக்கியிலேயே இராணுவ நீதிமன்றங்கள் அமைக்கப்பட்டு, 1919இல் முன்னாள் அமைச்சர்கள் சிலருக்கு அவர்கள் இல்லாத நிலையிலே மரணதண்டனை விதிக்கப்பட்டது. அவ்வழக்குகளின் மூல ஆவணங்கள் பின்னர் காணாமற் போயின. கிரிகோர் கெர்கெரியன் என்ற ஆர்மேனியக் கத்தோலிக்கக் குரு, சிறு பிள்ளையாய் இருந்தபோதே பெற்றோரைப் பறிகொடுத்துத் தப்பியவர். அந்நீதிமன்றத்தில் நீதிபதியாயிருந்த ஒருவரைக் கெய்ரோவிற் சந்தித்தபோது, ஆவணங்களின் பிரதிகள் எருசலேமிலுள்ள ஆர்மேனிய மறைமுதல்வர் இல்லத்தில் இருப்பதாக அறிந்தார். அங்கு சென்று ஒவ்வொன்றாகப் படம் பிடித்தார். 1988இல் அவர் இறந்தபின் அப்படங்கள் நியூயோர்க்கில் அவருடைய மருமகனிடம் இருந்தன.

அவற்றை ஆராய்ந்தவர் தானெர் அக்சாம் என்ற துருக்கிய வரலாற்றாசிரியர். 1915 ஜூலை 4ஆந் திகதியிட்ட தந்தி ஒன்றை அவற்றிடையே கண்டார். அனுப்பப்படும் ஆர்மேனியர் ஒழித்துக்கட்டப்படுகிறார்களா, அல்லது வெறுமனே அனுப்பப்படுகிறார்களா என்று வினவும் தந்தி அது. அனுப்பியவர் ஆளுங் கட்சியின் முக்கியஸ்தர் பஹாத்தின் ஷாக்கிர். தந்தியிலிருந்த இரகசிய எண்கள் அக்காலத்து உள்நாட்டு அமைச்சின் எண்களோடு பொருந்துவதை அக்சாம் எடுத்துக்காட்டி, 2017இல் வெளியிட்டார். பாதிக்கப்பட்ட இனத்தவரான ஒரு குரு காத்து வைத்ததை, குற்றஞ் சாட்டப்பட்ட இனத்தவரான ஓர் அறிஞர் உலகறியச் செய்தார். உண்மைக்கு இனமில்லை என்பதற்கு வேறென்ன சான்று வேண்டும்?

ஆவணக் காப்பகங்களில் மட்டும் ஞாபகம் வாழ்வதில்லை. அது அடுப்படியிலும் திண்ணையிலும் வாழ்கிறது. சோவியத் ஆட்சியின்கீழ் இவை பற்றி வெளிப்படையாகப் பேச முடியாதிருந்த காலத்தில், வெர்ஜினே ஸ்வாஸ்லியன் என்ற மாணவி 1955இல் வீடு வீடாகச் சென்று முதியவர்களின் கதைகளையும் பாடல்களையும் எழுதத் தொடங்கினார். காலப்போக்கில் அவை ஏறத்தாழ 700 ஆயின. அமெரிக்காவில் பேராசிரியர் ரிச்சர்ட் ஹொவன்னிசியன் தம் மாணவர்களைக் கொண்டு ஆயிரத்துக்கு மேற்பட்டோரின் வாக்குமூலங்களை ஒலிப்பதிவு செய்வித்தார். துருக்கியிலே பெத்தியே சேட்டின் என்ற பெண் சட்டத்தரணி, தம் பாட்டியார் பிறப்பால் ஓர் ஆர்மேனியர் என்பதையும், ஹெரானுஷ் என்ற சிறுமியாய் மரண ஊர்வலத்திலிருந்து எடுத்து வளர்க்கப்பட்டவர் என்பதையும் அப்பாட்டியார் வாயிலாகவே அறிந்து, 2004இல் நூலாக எழுதினார். ஒரு வாழ்நாளின் பெரும்பகுதியை மௌனத்திற் கழித்த அம்மூதாட்டி, கேட்கும் செவி ஒன்று கிடைத்தபோது தம் பெயரை மீட்டெடுத்தார்.

ஆனால் ஞாபகத்திற்கும் ஒரு சோதனை உண்டு. அது பகையாக மாறக்கூடும். 1970களிலும் 1980களிலும் ஆர்மேனிய ஆயுதக் குழுக்கள் சில, துருக்கிய இராசதந்திரிகளையும் அவர்தம் குடும்பத்தினர் சிலரையும் கொன்றன. 1983 ஜூலையில் பாரிஸ் ஓர்லி விமான நிலையத்தில் வெடித்த குண்டு எண்மரைப் பலிகொண்டது. 1915இல் பிறந்தேயிராதவர்கள் 1915க்காகச் செத்தார்கள். இறந்தவர்களின் பெயரால் குற்றமற்றவர்களைக் கொல்வது இறந்தவர்களுக்குச் செய்யும் மரியாதையாகுமா?

நேர்மையான ஞாபகம் நன்மை செய்த மறுதரப்பாரையும் விட்டுவிடாது. முதலில் அலெப்போவிலும் பின்னர் கொன்யாவிலும் ஆளுநராயிருந்த மெஹ்மெட் ஜெலால் பே, ஆர்மேனியரை அனுப்பும் கட்டளைக்கு இணங்க மறுத்துத் தம் பதவியை இழந்தார். அரபு வீடுகள் பல அநாதைப் பிள்ளைகளுக்கு அடைக்கலம் கொடுத்தன. இவர்களை மறந்துவிட்டு மற்றவற்றை மட்டும் சொல்பவன் பாதி உண்மையே சொல்கிறான். பாதி உண்மை வெறுப்புக்கு நல்ல எரு.

அப்படியாயின் மன்னிப்பின் கதி என்ன? ஒன்றை எண்ணிப் பாருங்கள். உயிர்த்த ஆண்டவர் தம் சீடர்களுக்குச் சமாதானம் சொல்லி வந்தபோது காயங்களை மறைத்துக்கொண்டு வரவில்லை; தோமையாருக்கு அவற்றைக் காட்டினார். மகிமை பெற்ற உடலிலும் தழும்புகள் இருந்தன. பழிவாங்கும் எண்ணம் மட்டுமே இல்லை. பாப்பரசர் பிரான்சிஸ் 2015 ஏப்ரல் 12இல் இக்கொடுமையை 20ஆம் நூற்றாண்டின் முதல் இனப்படுகொலை எனக் குறிப்பிட்டதும், துருக்கி வத்திக்கானிலிருந்த தன் தூதரைத் திருப்பி அழைத்தது. பாப்பரசரோ பகை வளர்க்கப் பேசவில்லை. மூடி வைத்த புண் ஆறாது என்பதற்காகவே பேசினார்.

செய்யாத குற்றத்தை எவரும் மன்னிக்க முடியாது. ஆகவே குற்றமே நடக்கவில்லை என்று மறுப்பவன், மன்னிக்க விரும்புபவனுடைய கையையும் கட்டிப்போடுகிறான். பொய்ச்சாட்சியை விலக்கும் எட்டாம் கட்டளை தனிமனிதருக்கு மட்டுமன்றி, நாடுகளுக்கும் உரியது.

பாலைவனத்தில் இறந்தோருக்காக டெயிர் எஸ் சோரில் எழுப்பப்பட்டிருந்த ஆர்மேனிய நினைவாலயம் 2014 செப்தெம்பரிற் குண்டு வைத்துத் தகர்க்கப்பட்டது. கல்லிற் செதுக்கிய ஞாபகமும் அழியக்கூடியதே. ஆகவே அது நாவிலிருந்து செவிக்கும், செவியிலிருந்து ஏட்டுக்கும் போய்ச் சேர வேண்டும். உங்கள் வீட்டிலும் பேசாத மூதாட்டி ஒருவர் இருக்கலாம். அவர் அருகில் உட்கார்ந்து, அவசரப்படுத்தாமற் கேளுங்கள். கேட்டதைக் கூட்டாமலும் குறைக்காமலும் எழுதி வையுங்கள். எழுதி முடித்தபின், அதிற் சொல்லப்பட்ட எல்லோருக்காகவும், தீமை செய்தவருக்காகவுங்கூட, ஒரு செபம் சொல்லுங்கள்.