கப்பல் போயிடுச்சு... கூலி?

ராயபுரத்தில் ஒரு டீக்கடை. துறைமுகத்தில் ஷிஃப்ட் முடிந்து வருகிறவர்கள் கூடுகிற இடம். பக்கத்தில் உட்கார்ந்திருந்தவருக்கு ஐம்பத்தைந்து வயது இருக்கும். டீ கிளாஸை உருட்டிக்கொண்டே சொன்னார்...

'கப்பல் போயிடுச்சு சார். கான்ட்ராக்டரும் போயிட்டான். நான்தான் இங்கியே குந்திக்கினு இருக்கேன்!'

கப்பலில் கன்டெய்னர்களைக் கம்பி போட்டு இறுக்கிக் கட்டுகிற 'லேஷிங்' வேலை அவருக்கு. இரண்டு மாதக் கூலி பாக்கி. கான்ட்ராக்டரின் செல்போன் 'ஸ்விட்ச்டு ஆஃப்'. அவனுக்கு வேலை கொடுத்த கம்பெனியில் போய்க் கேட்டிருக்கிறார். 'உன் பேரே எங்க ரிஜிஸ்டர்ல இல்லையேப்பா... நாங்க கான்ட்ராக்டருக்கு செட்டில் பண்ணிட்டோம்' என்று அனுப்பிவிட்டார்களாம்.

'அவங்க சொல்றதும் நியாயம்தானே சார்? அவங்க குடுத்துட்டாங்க. இவன் ஏமாத்திட்டான். அதுக்கு அவங்க இன்னா பண்ணுவாங்க?'

ஏமாந்தவரே எதிர்க் கட்சிக்கு வக்கீலாகப் பேசியதுதான் அன்று இரவு என்னைத் தூங்கவிடவில்லை. நிஜமாகவே அது நியாயமா?

நான் பி.காம். படித்தவன். 'அவுட்ஸ்டாண்டிங் வேஜஸ்' என்று கணக்கில் ஒரு வரி வரும். கொடுக்கப்படாத கூலி. பாலன்ஸ் ஷீட்டில் கடன்களோடு கடனாக உட்கார்ந்திருக்கும். பாங்க் கடன், சரக்கு கொடுத்தவர் கடன், கூலிக் கடன்... எல்லாம் ஒரே ஜாதி என்றுதான் அப்போது நினைத்தேன்.

இல்லை.

சரக்கு விற்றவருக்குப் பணம் வரவில்லையா? சரக்கு இன்னும் அவர் கையில் இருந்தால், பணம் வரும்வரை நிறுத்தி வைக்கலாம். 1930-ம் வருட சரக்கு விற்பனைச் சட்டம் அந்த உரிமையைத் தருகிறது. கப்பல் ஊழியருக்குச் சம்பளம் வரவில்லையா? கோர்ட்டுக்குப் போய்க் கப்பலையே பிடித்து வைக்கலாம். 2017-ம் வருட அட்மிரால்டி சட்டம், கப்பல் மீதான பிடிப்புரிமைகளில் ஊழியர் சம்பளத்துக்குத்தான் முதல் இடம் கொடுத்திருக்கிறது.

அதே கப்பலில் ஏறிக் கம்பியை இறுக்கிவிட்டு இறங்கிய நம்மவர்? அவர் விற்றது உழைப்பை. அது கன்டெய்னரோடு சேர்ந்து கடலில் போய்விட்டது. நேற்றைய நாளை யாரிடம் போய்த் திருப்பிக் கேட்பது?

கூலிக்காரர் கையில் பிடித்துவைக்க எதுவும் இல்லை. அதனால்தான் சட்டம் அவர் பக்கம் கொஞ்சம் சாய்ந்து நிற்கிறது. 1970-ல் வந்த ஒப்பந்தத் தொழிலாளர் சட்டம் தெளிவாகச் சொன்னது: கான்ட்ராக்டர் கூலி கொடுக்காவிட்டால், அவருக்கு வேலை கொடுத்த முதன்மை முதலாளி கொடுக்க வேண்டும். அப்புறம் அதைக் கான்ட்ராக்டரிடம் வசூலித்துக்கொள்வது அவர் பாடு. கூலி பட்டுவாடா நடக்கும்போது முதலாளியின் ஆள் பக்கத்தில் நின்று, 'கொடுத்தாச்சு' என்று சான்று தர வேண்டும் என்றும் சொன்னது. 2025 நவம்பரில் புதிய தொழிலாளர் சட்டத் தொகுப்புகள் அமலுக்கு வந்து, அந்தச் சட்டம் போய்விட்டது. ஆனால், கான்ட்ராக்டர் கைவிரித்தால் முதன்மை முதலாளி பொறுப்பு என்பது புதியதிலும் இருக்கிறது.

1970-ம் வருடத் தீர்ப்புத் தொகுப்பில் விசாகப்பட்டினம் துறைமுக வழக்கு ஒன்று உண்டு. தொழிலாளர்களின் போனஸுக்கு யார் பொறுப்பு? அவர்களைப் பதிவு செய்து வேலைக்கு ஒதுக்கி அனுப்பிய துறைமுகத் தொழிலாளர் வாரியமா, சரக்கை ஏற்றி இறக்கும் ஸ்டீவ்டோர் கம்பெனிகளா? வாரியம் முதலாளி அல்ல, யாருடைய வேலைக்கு அனுப்பப்பட்டார்களோ அவர்கள்தான் முதலாளி என்றது சுப்ரீம் கோர்ட். யாருக்காக முதுகு வளைந்ததோ, அவரைத்தான் பார்த்தது!

'அப்படின்னா கம்பெனி ரெண்டு தடவை கொடுக்கணுமா?' என்று கேட்பீர்கள். நியாயமான கேள்வி. மூன்று பேரில் ஒருவன் ஓடிவிட்டான். நஷ்டம் மிச்சமிருக்கிற இருவரில் ஒருவர் தலையில் விழுந்தே தீரும். யார் தலையில்?

நான் கேட்பது ஒன்றுதான். ஓடிப்போனவனைத் தேர்ந்தெடுத்தது யார்? விலை விசாரித்து, குறைச்சலாகச் சொன்னவனைப் பிடித்து, கையெழுத்துப் போட்டது கம்பெனி. நேரடியாக ஆள் எடுத்தால் ஆகிற செலவையும் தொல்லையையும் தவிர்க்கத்தானே நடுவில் ஓர் ஆளை நிறுத்தினார்கள்? அதில் கிடைத்த லாபம் அவர்களுக்கு என்றால், அதில் வருகிற நஷ்டமும் அவர்களுக்குத்தான். தொழிலாளி யாரையும் தேர்ந்தெடுக்கவில்லை. வேலை இருந்த இடத்துக்குப் போனார்.

மறுநாள் அதே டீக்கடைக்குப் போய், 'அவங்க சொன்னது நியாயமில்லண்ணே' என்றேன். துறைமுக கேட் பாஸை ஜெராக்ஸ் எடுத்து, மத்திய லேபர் கமிஷனர் ஆபீஸில் மனு கொடுக்கச் சொன்னேன். 'போய்ப் பாக்கறேன் சார்' என்றார். முகத்தில் நம்பிக்கை பாதிதான்.

அவரிடம் சொல்லாத விஷயம் ஒன்று இருக்கிறது. ரெண்டு வருஷம் முன்னால் என் வீட்டுக்கு பெயின்ட் அடித்தோம். மேஸ்திரி மொத்தப் பணத்தையும் வாங்கிக்கொண்டு போனார். ஒரு வாரம் கழித்து ஒரு பையன் கேட் அருகே வந்து நின்றான். 'மேஸ்திரி மூணு நாள் கூலி தரல சார்...' நான் என்ன சொன்னேன் தெரியுமா? 'நான் அவர்கிட்ட செட்டில் பண்ணிட்டேனேப்பா!'

அவன் ஒன்றும் பேசவில்லை. சுவரை ஒருமுறை பார்த்துவிட்டுப் போய்விட்டான்.

இப்போது கொடுத்துவிடலாம் என்று தேடுகிறேன். மேஸ்திரியின் நம்பர் உபயோகத்தில் இல்லை. பையனின் பெயரும் எனக்குத் தெரியாது.

என் ரிஜிஸ்டரிலும் அவன் பேர் இல்லை!