போத்தலும் பொறுப்பும்

காலையில் மலையேறும் கொழுந்து பறிக்கும் பெண்ணின் கையிலே ஒரு பிளாஸ்ரிக் போத்தலைக் காண்கிறோம். எப்போதோ சோடா அடைத்து விற்கப்பட்ட போத்தல் அது. இன்று அதிலே தேநீர் இருக்கிறது. சுடச்சுட ஊற்றியதால் அதன் இடுப்புச் சுருங்கி வளைந்துமிருக்கும். வன்னியில் வயலுக்குப் போகிறவனும், கொழும்பிலே சீமெந்து குழைப்பவனும் இத்தகைய போத்தலையே சுமக்கிறார்கள். இவர்களை நோக்கிப் படித்தவர்களாகிய நாம் ஒரு புத்திமதி சொல்கிறோம்: “ஒருமுறை பாவித்த போத்தலை மறுமுறை பாவிக்காதீர்கள், நோய் வரும்.” இந்தப் புத்திமதியிலே உண்மை எவ்வளவு? இதைச் சொல்ல நமக்குள்ள உரிமை எவ்வளவு?

முதலில் உண்மையைப் பார்ப்போம். இப்போத்தலை மறுமுறை நிரப்பினால் புற்றுநோய் வரும் என்ற பேச்சு நெடுநாளாக உலவுகிறது. அமெரிக்காவின் ஐடஹோ பல்கலைக்கழக மாணவர் ஒருவர் 2001இல் எழுதிய முதுமாணி ஆய்வேடு ஒன்றே அதற்குத் தூபமிட்டது. அதிலே குற்றஞ்சாட்டப்பட்ட இரசாயனமோ இவ்வகைப் போத்தலைச் செய்வதற்குப் பயன்படுவதேயில்லை. பிஸ்பினோல் ஏ என்பதும் வேறொரு வகைப் பிளாஸ்ரிக்கிற்கு உரியது. 2011இல் ஐரோப்பிய ஒன்றியம் குழந்தைகளின் பாற்போத்தல்களில் அதனைத் தடை செய்தது. சோடாப் போத்தலிலே உள்ளது அந்திமனி என்னும் உலோகத்தின் சுவடு. நீரில் அது லீற்றருக்கு 20 மைக்கிரோகிராமுக்கு மேற்படக்கூடாது என்பது உலக சுகாதார நிறுவனத்தின் வரையறை. சாதாரண வெப்பத்திலே கசிவது மிகச் சொற்பம். சூடு ஏற ஏறக் கசிவும் ஏறும். ஆகவே கொதிக்கும் தேநீரை ஊற்றாதே என்பது நியாயமான சொல்.

உண்மையான ஆபத்து இதனிலும் எளியது. போத்தலின் கழுத்து ஒடுக்கம், தூரிகை நுழையாது. வாய் வைத்துக் குடித்த எச்சிலும் இனிப்பின் மிச்சமும் உட்சுவரின் கீறல்களிலே தங்கிக் கிருமி வளர்க்கும். நுண்பிளாஸ்ரிக் துகள்களும் உண்டு. ஆனால் 2024இல் கொலம்பியாப் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் லீற்றருக்குச் சராசரி 240,000 துகள்களைக் கண்டது பழைய போத்தலில் அன்று, கடையில் வாங்கிய புதிய தண்ணீர்ப் போத்தல்களிலே! பழையதை எறிந்து புதியதை வாங்குவோனுக்கு இதனால் என்ன ஆறுதல் என்பது நமக்கு விளங்கவில்லை.

இன்னொன்று. தெளிந்த நீரை இதே போத்தலில் நிரப்பி ஆறு மணி நேரம் கடும் வெயிலில் கிடத்தினால், சூரிய ஒளி அதிலுள்ள நோய்க்கிருமிகளை அழித்துவிடும். குழாய்நீர் இல்லாத எத்தனையோ கிராமங்கள் இம்முறையைக் கையாண்டிருக்கின்றன. மறுபாவனை நஞ்சென்று ஒரே வாக்கில் தீர்ப்பளிப்பவர்கள் இதை எங்கே வைப்பார்கள்?

மறுபாவனையின் மிகக் கொடிய முகம் வேறெங்கோ இருக்கிறது. மண்ணெண்ணெயும் பூச்சிநாசினியும் சோடாப் போத்தலிலே ஊற்றி வைக்கப்படுகின்றன. பூச்சிநாசினியின் நிறம் சில வேளை பானத்தின் நிறமாகவே இருக்கும். தாகத்தோடு வந்த பிள்ளை எடுத்துக் குடித்துவிடுகிறது. பிள்ளையின் மேற் பிழை சொல்ல யாருக்கு மனம் வரும்? தாயின் மேலா? மண்ணெண்ணெயைக் கால் போத்தலும் அரைப் போத்தலுமாக வாங்குகிறவளுக்கு வேறு கலம் கொடுத்தது யார்?

இங்கே நம் நாட்டுச் சத்திரசிகிச்சை நிபுணர் விஜய கொடகும்புர நினைவுக்கு வருகிறார். மின்சாரம் இல்லாத வீடுகளிலே வெறும் போத்தலில் திரியிட்டு எரித்த குப்பி விளக்குகள் கவிழ்ந்து உடல் வெந்தவர்கள் அவரிடம் வந்தார்கள். அவர் புத்திமதியோடு நின்றுவிடவில்லை, விளக்கையே மாற்றினார். குட்டையான, பாரமான, பக்கங்கள் தட்டையான, மூடி திருகி இறுக்கப்படும் கண்ணாடி விளக்கொன்றை 1992 முதல் மலிவாகச் செய்து பரப்பினார். 1998இல் அதற்கு றோலெக்ஸ் விருது கிடைத்தது. கவிழும் பொருளைக் கொடுத்துவிட்டுக் கவனமாயிரு என்று ஏழைக்குச் சொல்வது ஒரு மருத்துவருக்குப் போதாதென்று பட்டது. அந்தப் போதாமை நம்மைப் போன்ற உபதேசிகளுக்கு ஏன் உறைப்பதில்லை?

ஒரு காலத்திலே நமது சோடாக்கள் கண்ணாடிப் போத்தலிலேதான் வந்தன. வெறும் போத்தலைக் கடையிற் கொடுத்தால் வைப்புப் பணம் திரும்பும்; மரப்பெட்டிகளில் ஏறிக் கம்பனிக்குப் போகும்; அங்கே கழுவப்பட்டு மீண்டும் நிரப்பப்படும். மறுபாவனை அப்பொழுது முதலாளியின் வேலையாக இருந்தது. இலேசான பிளாஸ்ரிக் வந்ததும் சுமக்கும் செலவும் கழுவும் செலவும் அவன் கணக்கிலிருந்து விழுந்தன. அவை மறைந்துவிடவில்லை. கழுவுகிற வேலை அந்தக் கொழுந்து பறிக்கும் பெண்ணுக்கும், சுமக்கிற வேலை நகரசபைத் துப்புரவுத் தொழிலாளிக்கும், எஞ்சியது ஆற்றுக்கும் கடலுக்கும் வந்து சேர்ந்தன. இப்போது போத்தலின் மேலே “பாவித்தபின் நசுக்கிவிடுக” என்று அச்சிடுகிறார்கள்.

கடலைச் சொன்னோம். 2021இல் கொழும்புக்கு அப்பால் எக்ஸ்பிரஸ் பேர்ள் கப்பல் எரிந்து அமிழ்ந்தபோது ஏறக்குறைய 1,680 தொன் பிளாஸ்ரிக் குருணிகள் கடலிலே கொட்டின. அவை போத்தலாகவோ பையாகவோ உருப்பெறாத மூலப்பொருள். பாவனையாளன் ஒருவனுடைய கையும் அவற்றிலே பட்டதில்லை. ஆயினும் மேற்குக் கரையிலே கடற்றொழிலாளர் வலையை மடித்து வைத்துக் கரையில் நின்றார்கள். மணலை அரித்துக் குருணி பொறுக்கினார்கள்.

ஜேர்மனியிலே 2003 முதல் ஒருமுறைப் போத்தலுக்கும் வைப்புப் பணம் அறவிடும் சட்டம் இருக்கிறது. இன்று போத்தலொன்றுக்கு 25 சதம். விற்ற கடைக்காரன் அதனைத் திருப்பி எடுத்தே ஆகவேண்டும். இங்கும் அத்தகைய சட்டத்தை நாம் கேட்கலாம், கேட்கவேண்டும். அதுவரை அப்பெண்ணுக்கு நாம் நேர்மையாகச் சொல்லக்கூடியது கொஞ்சமே: தேநீரை ஆறவிட்டு ஊற்று, கீறல் விழுந்ததைக் கழித்துவிடு, மண்ணெண்ணெய்க்கு மாத்திரம் இதை எடுக்காதே. உருக்குப் போத்தல் வாங்கு என்று சொல்லப் போனால், அதன் விலை தன்னுடைய எத்தனை நாட் சம்பளம் என்று அவள் திருப்பிக் கேட்பாள்.