இரவல் குரல்

1947 ஆகஸ்ட் 15 காலை, இந்தியா சுதந்திரம் பெற்ற செய்தியைத் தமிழில் வானொலியில் வாசித்தவர் பூர்ணம் விஸ்வநாதன். செய்தி அவருடையதல்ல, குரல் அவருடையது. பின்னர் சுஜாதாவின் நாடகங்களை மேடையேற்றி நடித்தார். சினிமாவிலும் தொலைக்காட்சியிலும் அப்பாவாக, அதிகாரியாக வந்துபோனார். சினிமாவில் கதாநாயகனாக இருந்ததில்லை. 2008 அக்டோபரில் காலமானார். பிறர் எழுதிய சொற்களை உரக்கச் சொன்னதுதான் அவர் தொழில் வாழ்க்கையின் பெரும்பகுதி.

பிறருடைய சொல்லைத் தன் வாயால் சொல்பவன் அதற்கு எவ்வளவு தூரம் பொறுப்பு? இந்தக் கேள்வி எனக்கு விமர்சனப் பிரச்னையாக வரவில்லை. கவுண்டர் வழியாக வந்தது.

ஆம்பூரில் ஒரு வங்கிக் கிளையில் குமாஸ்தாவாக இருந்தேன். பாலாற்றங்கரைக் கிராமத்து விவசாயி ஒருவர் கிணற்றை ஆழப்படுத்தக் கடன் கேட்டிருந்தார். தோல் ஷாப்புக் கழிவால் உப்பேறிய கிணறு. தோல் பதனிடும் பகுதியில் ஏறத்தாழ 35,000 ஹெக்டேர் விளைநிலம் பகுதியாகவோ முழுதாகவோ கெட்டுவிட்டது என்று 1996இலேயே உச்ச நீதிமன்றத் தீர்ப்பு குறித்திருக்கிறது. தண்ணீர் பாசனத்துக்கு உதவாது, ஆகவே கடன் இல்லை என்றார் மேலாளர். அதைத் தமிழில் கடிதமாக எழுதியவன் நான். அதே வாரம் தோல் ஷாப்புகளின் கணக்குகளையும் நான்தான் பார்த்தேன். பெரியவர் கடிதத்தை நீட்டி, “இது உன் கையெழுத்துதான சார்?” என்றார். முடிவு மேலாளருடையது என்று சொன்னேன். அது உண்மை. அவர் கேட்டது அதுவல்ல.

நடிகன் பாத்திரத்தில் கரைந்துபோக வேண்டும் என்பது நம்மிடையே புழங்கும் பாராட்டு. பூர்ணம் கரையவில்லை. ‘வறுமையின் நிறம் சிவப்பு’ (1980) படத்தின் தந்தையும் ‘மகாநதி’ (1994) படத்தின் சிறைக்கைதி பஞ்சாபகேசனும் வேறு வேறு மனிதர்கள், குரல் ஒன்றே. இதை நடிப்பின் எல்லை என்று சொல்லலாம். எனக்கு இது ஒருவகை நேர்மையாகப் படுகிறது. சொல் இரவல், சொல்பவன் ஒளிந்துகொள்ளவில்லை.

வானொலியில் வாசிப்பவர் முதலில் தன் பெயரைச் சொல்கிறார், பிறகுதான் செய்தி. ஆனால் பெயர் சொல்வதால் மட்டும் பொறுப்பு தீர்ந்துவிடாது. 1975இன் நெருக்கடி நிலையில் அரசு விரும்பியதையும் பெயர் சொல்லியேதான் வாசித்தார்கள். ஆகவே ஒளியாதிருப்பது அறத்தின் முடிவல்ல, தொடக்கம் மட்டுமே. ஒளிந்துகொண்டவனிடம் யாரும் கேள்வி கேட்க முடியாது; நின்றவனிடம் கேட்கலாம்.

நடிகனுக்கும் எனக்கும் உள்ள வித்தியாசம் வேறு. காட்சி முடிந்ததும் கைதி எழுந்து வீட்டுக்குப் போகிறார். அவரை அடைத்தவரும் போகிறார். என் கவுண்டருக்கு வெளியே நின்றவருக்கு அது பாத்திரமல்ல. நான் மட்டும் மாலையில் வேஷத்தைக் கலைத்துவிட்டு இலக்கியம் பேச வந்துவிடுகிறேன். எதிரில் இருப்பவனும் நடிக்கும்போதுதான் ‘நான் நடித்தேன்’ என்பது ஒரு பதில்.

அன்று நான் சொல்லியிருக்க வேண்டியது சிறிய வாக்கியம்: ஆமாம், என் கையெழுத்துதான். அதனால் அவர் கிணறு இனித்திருக்காது. அடுத்த கேள்வியை அவர் என்னிடம் கேட்டிருப்பார்.