பரேசியா: உண்மை பேசுதலின் அறம் பற்றிச் சில சிந்தனைகள்

ஆங்கிலப் பேரகராதிகளில் இடம்பெற்றிருந்தும், ஆங்கிலத்தைத் தாய்மொழியாகக் கொண்டோரிற் பெரும்பாலார் தம் வாழ்நாளில் ஒருமுறையேனும் உச்சரித்தறியாத சொற்கள் பல உள. 'பரேசியா' என்பது அத்தகையதொரு சொல். கிரேக்கத்திலிருந்து இலத்தீன் வழியாகப் பதினாறாம் நூற்றாண்டிலே ஆங்கிலத்துட் புகுந்த இச்சொல், அணியிலக்கண நூல்களின் ஒரு மூலையில் நெடுங்காலம் உறங்கிக் கிடந்தது. அண்மைக் காலத்திலேதான் மெய்யியலாளரின் கவனம் மீண்டும் அதன்மீது திரும்பியுள்ளது. ஒரு சொல்லின் வரலாற்றை ஆராய்வது மொழியியலாளரின் வேலையன்றோ, ஒழுக்கவியலுக்கு அதில் என்ன இடம் என்று சிலர் வினவலாம். இச்சொல்லைப் பொறுத்தவரை அதன் பொருள் மாறிய ஒவ்வொரு திருப்பத்திலும் ஓர் அறப்பிரச்சினை பதுங்கியிருக்கின்றது என்பதே அதற்கு விடை.

கிரேக்கத்தில் 'பான்' என்பது 'எல்லாம்' எனப் பொருள்படும். 'ரேசிஸ்' என்பது பேச்சு. ஆகவே 'எல்லாவற்றையும் சொல்லுதல்' என்பதே பரேசியாவின் நேர்ப்பொருள். இந்த 'எல்லாம்' என்பதிலேதான் சிக்கல் தொடங்குகின்றது. மனத்தில் உள்ளதில் எதனையும் மறைக்காமற் சொல்பவனும் எல்லாவற்றையும் சொல்கிறான். வாயில் வந்ததில் எதனையும் தடுக்காமற் சொல்பவனும் எல்லாவற்றையும் சொல்கிறான். முன்னவனை நேர்மையாளன் என்கிறோம்; பின்னவனை வாயாடி என்கிறோம். கிரேக்கர் இருவருக்கும் ஒரே சொல்லை வழங்கினர்.

இச்சொல் நமக்குக் கிடைக்கும் மிகப் பழைய எழுத்துகளில் இயூரிப்பிடீஸின் நாடகங்கள் முதன்மையானவை. கி.மு. 428இல் அரங்கேறிய 'இப்பொலிற்றஸ்' நாடகத்திலே, தன் தகாத காதலை எண்ணி நடுங்கும் பைத்ரா, தன் மக்கள் ஏதென்ஸ் நகரில் பரேசியாவுடன் தலைநிமிர்ந்து வாழவேண்டும் என விரும்புகின்றாள். பெற்றோரின் இழிவை அறிந்தவன் எத்துணைத் துணிவுடையவனாயினும் அடிமையாகிவிடுவான் என்பது அவள் அச்சம். 'அயோன்' நாடகத்தின் தலைவன், தான் அறியாத தன் தாய் ஏதென்ஸைச் சேர்ந்தவளாக இருக்கவேண்டும் என ஏங்குகின்றான். அவ்வாறாயின் பரேசியா அவனுக்குத் தாய்வழி உரிமையாகும். 'பினீசியப் பெண்கள்' நாடகத்தில், நாடு கடத்தப்பட்ட பொலினைசீஸ், நாடிழந்தவனின் துன்பங்களுள் கொடியது பரேசியாவை இழத்தலே என்கிறான். ஆட்சியாளரின் மடமையைக் கேட்டுக்கொண்டு வாய்மூடியிருப்பது அடிமையின் நிலை என்பது அங்கு நிகழும் உரையாடலின் சாரம்.

இவ்விடங்களிலெல்லாம் பரேசியா ஒரு பிறப்புரிமையாகவே காட்சியளிக்கின்றது. அதனோடு இணைத்துப் பேசப்படும் 'இசேகோரியா' என்பது அவையிலே எழுந்து பேசும் சமவுரிமையைக் குறிக்கும். பரேசியாவோ எழுந்தவன் என்ன பேசுகிறான் என்பதைப் பற்றியது. நான்காம் நூற்றாண்டில் ஏதென்ஸ் மக்கள் தம் போர்க்கப்பல்களுள் ஒன்றுக்கு இப்பெயரையே சூட்டியிருந்தனர் என்பதிலிருந்து அவர்கள் இதிற் கொண்ட பெருமிதம் விளங்கும். அக்கப்பலிலே துடுப்பு வலித்தோருள் இவ்வுரிமை அறவே இல்லாதோரும் இருந்திருப்பர் என்பது வேறு விடயம். பெண்களுக்கும் அடிமைகளுக்கும் குடியேறிய அந்நியருக்கும் அந்த அவையில் நாவில்லை. பைத்ராவும் தன் மக்களுக்காகத்தான் அதனை விரும்பினாளேயன்றித் தனக்காக அன்று.

நான்காம் நூற்றாண்டில் காற்று மாறுகின்றது. 'குடியரசு' நூலின் எட்டாம் பகுதியிலே பிளேற்றோ சனநாயக நகரை வருணிக்கையில், அது சுதந்திரத்தாலும் பரேசியாவாலும் நிரம்பி வழிவது என்கிறார். இது புகழ்ச்சியன்று. ஒவ்வொருவனும் தன் மனம்போல வாழ்வை அமைத்துக்கொள்ள, நகரம் நகரமாக இல்லாது போகின்றது என்பது அவர் கண்டனம். ஐசோக்கிரதீஸ் இன்னும் நுட்பமாகத் தாக்குகின்றார். அவையிலே சிந்தனையற்றோருக்கும் அரங்கிலே நகைச்சுவை நாடகக்காரருக்கும் மாத்திரமே பரேசியா உண்டு, நல்லறிவு கூற வந்தவனை மக்கள் கூச்சலிட்டு அமர்த்திவிடுகின்றனர் என்பது அவர் முறைப்பாடு. சட்டம் வாயைத் திறந்து வைத்திருந்தது. கேட்போரின் செவிதான் மூடியிருந்தது. கி.மு. 399இல் சோக்கிரதீஸுக்கு நஞ்சு கொடுத்த நகரம், பரேசியாவைத் தன் தனிப்பெருமை எனக் கொண்டாடிய அதே நகரம் என்பதை மறந்துவிடலாகாது.

ஆயினும் பிளேற்றோ இச்சொல்லை முற்றாகக் கைவிடவில்லை. 'கோர்ஜியாஸ்' உரையாடலிலே ஓர் ஆன்மாவைச் சோதிக்கும் உரைகல்லாக அமைபவனுக்கு மூன்று வேண்டும் எனச் சோக்கிரதீஸ் கூறுகின்றார்: அறிவு, நல்லெண்ணம், பரேசியா. என் கருத்தில் இச்சொல்லின் வரலாற்றிலேயே மிக முக்கியமான திருப்பம் இதுவே. மக்கள் அவையின் உரிமையாக இருந்தது, இங்கே இருவருக்கிடையிலான ஒரு பண்பாக மாறுகின்றது. அத்துடன் அது தனித்து நிற்பதுமில்லை. அறிவற்ற வெளிப்படைப் பேச்சு வெறும் ஆரவாரம். நல்லெண்ணமற்ற வெளிப்படைப் பேச்சு வன்மம். உலகில் மிக அழகியது எதுவென வினவியபோது 'பரேசியா' என விடையளித்ததாகக் கூறப்படும் சினிக் ஞானி தயோஜெனிஸ், இந்நிபந்தனைகளைப் பற்றிப் பெரிதும் கவலைப்பட்டதாகத் தெரியவில்லை.

வெளிப்படையாகப் பேசுபவனுக்கும் வலிமையுள்ள கேட்போனுக்கும் இடையே ஓர் உடன்படிக்கை வேண்டும் என்பதையும் இயூரிப்பிடீஸ் கண்டிருந்தார். 'பக்கே' நாடகத்தில் மன்னன் பென்தியஸிடம் செய்தி கொணரும் இடையன், தான் பரேசியாவுடன் பேசலாமா, அன்றிச் சொற்களைச் சுருக்கிக்கொள்ள வேண்டுமா எனக் கேட்கின்றான். மன்னன் அபயம் அளித்த பின்னரே அவன் நாத் திறக்கின்றது. 'எலெக்ற்ரா'விலே இவ்வுடன்படிக்கை வேறு விதமாக முடிகின்றது. கணவனைக் கொன்ற கிளைற்றம்நெஸ்ற்ரா, தன் செயலுக்கு நியாயம் கூறிவிட்டு, மறுப்பிருந்தால் பரேசியாவுடன் சொல் என மகளை அழைக்கின்றாள். மகள் அனைத்தையும் சொல்கின்றாள். அதன்பின் சிறிது நேரத்தில் வஞ்சனையாக வீட்டினுள் அழைக்கப்பட்டுக் கொல்லப்படுபவள் தாயே. பேசியவளுக்கன்று, பேச அனுமதித்தவளுக்கே ஆபத்து நேர்கின்றது. செவிகொடுப்பதற்கும் துணிவு வேண்டும் என்பதை இதைவிடக் கொடூரமாகக் காட்டுதல் அரிது.

பேரரசுகள் எழுந்து மக்கள் அவைகள் மங்கிய பின், பரேசியா மன்னனின் சபைக்கும் நண்பரின் இல்லத்துக்கும் ஆசிரியரின் திண்ணைக்கும் இடம்பெயர்ந்தது. கி.பி. 79இல் வெசூவியஸ் எரிமலை கரியாக்கிய ஏடுகளிடையே, எப்பிக்கூரிய மரபினரான பிலோடெமஸ் இது குறித்து எழுதிய நூலின் சிதைவுகள் கிடைத்துள்ளன. மாணவனின் குறையைச் சுட்டும் ஆசிரியனை அவர் மருத்துவனோடு ஒப்பிடுகின்றார். ஆயினும் இக்காலப் பகுதியின் மிகக் கூரிய நோக்கு, 'முகத்துதியாளனை நண்பனிலிருந்து பிரித்தறிவது எங்ஙனம்' என்னும் புளுட்டாக்கின் கட்டுரையிலேயே காணப்படுகின்றது. அவருடைய பிரச்சினை இதுதான்: வெளிப்படைப் பேச்சு நட்பின் அடையாளம் என்றால், கெட்டிக்கார முகத்துதியாளன் அதனையே நடித்துக் காட்டமாட்டானா? நிச்சயமாகக் காட்டுவான். பெருங்குற்றங்களைக் காணாதவன் போலிருந்து, ஆடை மடிப்பையும் தலைவாரலையும் கண்டிப்பான்.

புளுட்டாக் தரும் உதாரணம் ஒன்று சுவையானது. ரைபீரியஸ் சக்கரவர்த்தி செனற் சபைக்கு வந்திருந்தபோது ஒருவன் எழுந்து, சுதந்திர மனிதர்களாகிய நாம் எதையும் மறைக்காமற் பேசவேண்டும் என்று தொடங்கினான். சபை உறைந்து போயிற்று. எல்லோரும் உம்மேல் சுமத்தும், ஆனால் ஒருவரும் வெளியே சொல்லத் துணியாத குற்றச்சாட்டைக் கேளும் என்றான். பின்னர் குற்றச்சாட்டு வெளிவந்தது: சக்கரவர்த்தி தம் உடல்நலத்தைச் சிறிதும் பேணுவதில்லை, இரவு பகலாக மக்களுக்காக உழைத்துத் தம்மை வருத்திக்கொள்கிறார்! அங்கிருந்த காசியஸ் செவரஸ் என்ற நாவலர், இந்த வெளிப்படைப் பேச்சு இம்மனிதனைக் கொன்றுவிடும் எனக் குத்தலாகக் கூறினாராம்.

நாம் சிரிக்கிறோம். ஆனால் நமது நூல் மதிப்புரைகளை ஒருகணம் எண்ணிப் பார்த்தல் தகும். ஆசிரியரின் அடிப்படைக் கருத்தைத் தொடாமல், 'அச்சுப் பிழைகளைத் தவிர்த்திருக்கலாம்' என்று இறுதியில் ஒரு வரி கடிந்துகொள்ளும் மதிப்புரையாளன், அந்தச் செனற் சபை மனிதனின் நேர் வாரிசு அல்லவா?

இந்நடிப்பை அணியிலக்கணகாரர் இலக்கணமாகவே வகுத்தனர். கி.மு. முதலாம் நூற்றாண்டில் எழுந்த, ஆசிரியர் பெயர் தெரியாத 'எரெனியஸுக்கு எழுதிய அணிநூல்', அவையோர் கேட்க விரும்புவதையே அவர்கள் வெறுப்பார்கள் என அஞ்சுவதுபோற் கூறும் உத்தியையும் இதன் ஒரு வகையாக எடுத்துரைக்கின்றது. உண்மையான வெளிப்படைப் பேச்சில் அணி எங்கே இருக்கிறது, ஆனால் முகத்துதி அதன் போர்வைக்குள் அடிக்கடி ஒளிந்துகொள்கிறதே என்பது குயின்ரிலியனின் கருத்து. இங்கிலாந்திலே 1577இல் அணிநூல் எழுதிய என்றி பீச்சமிடமும், 1589இல் எழுதிய புற்றனமிடமும் இச்சொல் இப்பொருளுடனேயே வந்து சேர்ந்தது. 'குறுக்கிடுவதற்கு மன்னிக்கவேண்டும், இருப்பினும் சொல்லாமலிருக்க முடியவில்லை' என நம் கூட்டங்களில் எழுவோர், பெயர் அறியாமலே இவ்வணியைப் பயன்படுத்துகின்றனர். கொலைக்கஞ்சாத துணிவைக் குறித்த சொல் மரியாதைச் சூத்திரமாகச் சுருங்கியது.

கிறித்தவ மரபு இச்சொல்லை வேறொரு வழியில் இட்டுச் சென்றது. புதிய ஏற்பாட்டிலே அது அப்போஸ்தலர் அதிகாரிகளின் முன் காட்டிய துணிவையும், விசுவாசி கடவுளின் முன் கொள்ளும் அச்சமற்ற நம்பிக்கையையும் குறிக்கின்றது. தமிழ் விவிலியத்தில் இடத்துக்கேற்பத் 'தைரியம்' எனவும் 'வெளிப்படை' எனவும் அது பெயர்க்கப்பட்டிருத்தல் நோக்கத்தக்கது. எகிப்தியப் பாலைநிலத் துறவியரிடையே அதே சொல் தீய பழக்கமொன்றின் பெயராயிற்று: மட்டுமீறிய நெருக்கம், நாவடக்கமின்மை. அனைவரையும் ஓடச் செய்து மரங்களின் கனிகளைக் கருக்கும் அனற்காற்றுக்கு அதனை ஒப்பிட்டனர். ஆதியில் 'எல்லாம்' என்பதிற் கிடந்த இருபொருள் மீண்டும் தலைதூக்கியது எனலாம்.

நமது மரபில் இதற்கு நிகர் உண்டா? 'இடித்துரைத்தல்' என்ற சொல் உடனே நினைவுக்கு வரும். புறத்திணைத் துறைகளுள் ஒன்றான செவியறிவுறூஉவும் எண்ணத்தக்கது. பாண்டியன் அறிவுடைநம்பிக்கு வரி கொள்ளும் முறைமையை உணர்த்திய பிசிராந்தையாரையும், மலையமானின் மக்களை யானைக் காலில் இடவிருந்த கிள்ளிவளவனைத் தடுத்த கோவூர்கிழாரையும் அறியாதார் இலர். ஆயினும் புலவனுக்கு அவ்விடத்தை அளித்தது அவன் புலமை. ஏதென்ஸ் குடிமகனுக்கு அளித்தது அவன் குடியுரிமை. இவற்றை ஒன்றெனக் கொள்வது இரண்டையும் மயக்குவதாகும்.

இன்று இச்சொல் மெய்யியற் கருத்தரங்குகளிற் புழங்குவதற்கு மிசேல் பூக்கோ முதற் காரணர். 1983இல் கலிபோர்ணியப் பல்கலைக்கழகத்தின் பேர்க்கிலி வளாகத்தில் அவர் நிகழ்த்திய ஆறு விரிவுரைகளும், 1984 யூன் மாதம் அவர் மறைவதற்குச் சில மாதங்கள் முன்வரை பாரிஸில் ஆற்றிய இறுதி விரிவுரைகளும் இதனையே மையமாகக் கொண்டவை. பரேசியாவுக்கு ஒளிவின்மை, உண்மை, ஆபத்து, விமரிசனம், கடமையுணர்வு ஆகியவை வேண்டும் என்பது அவர் விளக்கம். பேசுபவன் கேட்பவனிலும் வலிமை குறைந்தவனாக இருக்கவேண்டும். ஆகவே மன்னன் குடிமகனைக் கடிவதும் விரிவுரையாளன் மாணவனைக் கடிவதும் பரேசியா ஆகா, மறுதலையே ஆகும்.

இவ்விளக்கத்தின் ஈர்ப்பு அதன் ஆபத்து நிபந்தனையிலேதான் உள்ளது. அதன் பலவீனமும் அங்கேயே உள்ளது. ஒருவன் தன் உயிரைப் பணயம் வைத்துப் பேசுகின்றான் என்பது அவன் தான் சொல்வதை நம்புகின்றான் என்பதற்குச் சான்று. அவன் சொல்வது உண்மை என்பதற்கு அது சான்றாகாது. மூடநம்பிக்கைக்காக உயிர் கொடுத்தோரும் உளர். கிரேக்கருக்கு இவ்விரண்டும் ஒன்றாகத் தோன்றின. பேசுவோனின் ஒழுக்கமே உண்மைக்குப் பிணையாயிற்று என்பதனைப் பூக்கோவே ஏற்கின்றார். ஐயவாதத்துக்குப் பழகிய நமக்கு அப்பிணை போதாது.

மேலும், ஆபத்து யாருடையது என்ற வினாவும் உண்டு. தயோஜெனிஸுக்கு இழக்க ஒரு பீப்பாயன்றி வேறில்லை. குடும்பமும் ஊரும் உடையவனின் சொல்லுக்குத் தண்டனை அவன் தம்பியின்மீதும் அயலவன்மீதும் விழக்கூடும். தன் தலையைப் பணயம் வைப்பவனிடமிருந்து, கேளாமலே பிறர் தலையைப் பணயம் வைப்பவனை வேறுபடுத்த பூக்கோவின் ஐந்து நிபந்தனைகளும் உதவவில்லை. இந்நாட்டிற் கடந்த பல தசாப்தங்களாக வாழ்ந்தவர்க்கு இது ஏட்டுச் சிக்கலன்று. அக்காலத்தில் மௌனம் காத்தோர் அனைவரையும் கோழைகள் என எழுதிவிடுதல் எளிது. அவர்களுட் சிலர் பிறரின் ஆபத்தைக் கணக்கிலெடுத்தவர்கள். வேறு சிலர் அக்கணக்கைச் சாட்டாக வைத்துத் தம்மைக் காத்தவர்கள். வெளியிலிருந்து நோக்குவோருக்கு இருவகை மௌனமும் ஒன்றுபோலவே ஒலிக்கும்.

இதன் மறுபக்கமாக, நமது நிறுவனங்கள் யாவற்றுக்கும் பழக்கமான மொட்டைக் கடிதத்தை எடுத்துக்கொள்வோம். அதில் உண்மை இருக்கலாம், விமரிசனம் இருக்கலாம், கடமையுணர்வும் இருக்கலாம். பெயர் இல்லாமையால் ஆபத்து இல்லை. ஆகவே அது பரேசியா அன்று. அதனால் அது இழிவானது என்று முடிவு கட்டலாமா? நான் அவ்வாறு கருதவில்லை. கணக்கேட்டில் இத்தனை ரூபாய் குறைகின்றது என்று ஒரு கடிதம் சொல்லுமாயின், கணக்கேட்டைத் திறந்து பார்த்தாற் போதும். எழுதியவனின் துணிவு அங்கு தேவையற்றது. பெயர் கேட்டு அலைவது பெரும்பாலும் ஏட்டைத் திறக்காதிருப்பதற்கான வழியே. ஆனால் 'இன்னார் நேர்மையற்றவர்', 'இன்னாரின் ஆய்வு தரமற்றது' என்று அக்கடிதம் சொல்லுமாயின், திறந்து பார்க்க ஏடு எதுவுமில்லை. அத்தகைய தீர்ப்பை எடைபோட எழுதியவனின் அறிவையும் நல்லெண்ணத்தையும் நாம் அறிந்தாக வேண்டும். பெயரின்றி அவை அறியப்படா. சோக்கிரதீஸ் கேட்ட மூன்றில் முதலிரண்டையும் மறைத்துவிட்டு மூன்றாவதை மட்டும் நீட்டுபவன், உரைகல் என்று கூறி நம் கையில் வைப்பது வெறுங்கல்லே.