மனுவில் கொள்ளாதது

சமூகப்பணியை விட்டு ஆவணப்படம் எடுக்கக் கிளம்பியபோது, "சேவையை விட்டுட்டு சினிமாவுக்குப் போறான்" என்றார்கள் உடன் வேலை பார்த்தவர்கள். இரண்டுமே தப்பு. அது சேவை இல்லை, சம்பளத்துக்குச் செய்த வேலை. இது சினிமா இல்லை, சம்பளமே வராத வேலை.

எம்.எஸ்.டபிள்யூ. படிப்பில் முதலில் சொல்லித்தருவது ரகசியம் காப்பதை. கேஸ் ஃபைலில் இருப்பது வெளியே போகக் கூடாது. ஆவணப்படத்தில் அதையே ஊருக்குக் காட்டுகிறோம். கேட்பது அதே ஆள், சொல்வதும் அதே ஆள், சொல்லவைக்கும் நம்பிக்கையும் பழையதுதான். அதை எங்கே செலவழிக்கிறோம் என்பதுதான் என்னை உறுத்துகிறது.

கழிவுநீர்த் தொட்டியில் விஷவாயு தாக்கி இறந்துபோன ஒருவரின் மனைவிக்காக அலைந்துகொண்டிருந்தேன். இத்தகைய சாவுகளுக்கு 10 லட்சம் ரூபாய் தர வேண்டும் என்று 2014இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. 2023இல் அதை 30 லட்சமாக உயர்த்தியது. தீர்ப்புக்கும் அந்த அக்காவின் பாஸ்புக்குக்கும் நடுவே முதல் தகவல் அறிக்கை, பிரேதப் பரிசோதனை அறிக்கை, வாரிசுச் சான்றிதழ் என்று ஒரு கட்டுக் காகிதம். திங்கட்கிழமை குறைதீர்க்கும் கூட்டத்தின் வரிசையில் நிற்கும்போதுதான் பேசுவார். ராத்திரி காண்டிராக்டரிடமிருந்து போன் வந்தது, போக வேண்டாம் என்று இவர் சொன்னது, "முன்பணம் வாங்கிட்டேனே" என்று அவர் சட்டையை மாட்டியது. மனுவில் 'இறந்த விவரம்' ஒன்றரை வரிக்கு மேல் கொள்ளாது. மிச்சத்துக்காகத்தான் கேமரா வாங்கினேன்.

வாங்கிய பிறகு, கையைச் சும்மா வைத்திருப்பதுதான் பெரும்பாடாக இருந்தது. பேச்சின் நடுவே அவர் ஒரு காகிதத்தைத் தேடுவார். எந்தப் பையில் இருக்கிறது என்று எனக்குத் தெரியும். ட்ரைபாடைப் பிடித்துக்கொண்டு நிற்க வேண்டும்.

இந்த வழியில் முன்னே போனவர்கள் உண்டு. தமிழில் 'கக்கூஸ்' (2017) எடுத்த திவ்யபாரதி போராட்டக் களத்திலிருந்து வந்தவர். படத்துக்காக வழக்குகளையும் சந்தித்தார். ஆனந்த் பட்வர்தன் 1970களின் தொடக்கத்தில் மத்தியப் பிரதேசக் கிராமம் ஒன்றில், கிஷோர் பாரதி என்ற அமைப்பில் வேலை பார்த்தவர். பம்பாய் நடைபாதைவாசிகளைப் பற்றிய அவருடைய 'பாம்பே அவர் சிட்டி' (1985) படத்தில், ஏழைகளைப் படம்பிடித்துப் பேர் வாங்கவா வந்தாய் என்று ஒரு பெண் அவரையே ஏசுகிறார். அதை வெட்டாமல் வைத்தார். படத்துக்குத் தேசிய விருதும் கிடைத்தது. அந்தப் பெண் கேட்டதில் என்ன தப்பு?

வழக்கமாகச் சம்மதக் கையெழுத்தை ஷூட்டிங்குக்கு முன்பே வாங்கிவிடுவார்கள். எதற்குச் சம்மதிக்கிறோம் என்று தெரியாமல் போடும் கையெழுத்து அது. எடிட் முடிந்து, போட்டுக்காட்டிய பிறகே நான் கேட்டேன். அழும் இடத்தை எடுக்கச் சொல்லிவிடுவாரோ என்று எடிட்டருக்குப் பயம். அக்கா அதைப் பொருட்படுத்தவே இல்லை. வீட்டு விஷயமாகச் சொன்ன ஒரே ஒரு பேச்சை மட்டும் எடுக்கச் சொன்னார். "நாளைக்கும் அவங்க மூஞ்சியிலதான் முழிக்கணும் தம்பி."

எடுத்துவிட்டோம். படத்திலேயே நல்ல இடம் அதுதான் என்று எடிட்டர் இன்னும் புலம்புகிறார். என்ன பேச்சு என்று இங்கேயும் எழுதப்போவதில்லை.