எவர் சாட்சி கொள்வது?

புதிதாய்த் தோன்றும் ஒரு சமயக் கூட்டத்தைப்பற்றித் தீர்ப்புச் சொல்ல நேரின், நாம் எவர் சாட்சியைக் கொள்வது? அதனை விட்டு நீங்கியோர் சொல்லையா, அதிலேயே நிற்போர் சொல்லையா, அன்றி அதனைப் பகைக்கும் பழைய சமயத்தார் சொல்லையா? இக்கேள்வி எனக்கு ஏட்டிலிருந்து வந்ததன்று.

ஈப்போவுக்குத் தெற்கே, முன்பு பால்மரமும் இப்போது செம்பனையும் நிற்கும் தோட்டமொன்றில் யான் கிராணி. சென்ற ஆண்டு எங்கள் லயத்தில் சிலர் கோயிலுக்கு வருவதை நிறுத்தி, ஒரு வீட்டில் தனியே கூடி விளக்கேற்றித் தியானம் செய்யத் தொடங்கினர். கோயிற் கமிட்டியார் கொதித்தெழுந்தனர். பிள்ளைகளை வசியம் செய்கிறார்கள் என்று மானேஜருக்கு ஆங்கிலத்தில் ஒரு மனு எழுதித் தருமாறு என்னைக் கேட்டனர். எழுதினேன். நல்ல ஆங்கிலம், அதில் எனக்கு அப்போது பெருமையும் இருந்தது. அவ்வீட்டு வாசலை ஒருநாளும் மிதியாமலே எழுதினேன் என்பதுதான் இன்று நெஞ்சைச் சுடுகிறது.

நிற்க. இத்தகைய வழக்குத் தமிழர்க்குப் புதிதன்று. 1865இல் இராமலிங்க சுவாமிகள் சன்மார்க்க சங்கம் கண்டார். 1867இல் வடலூரில் தருமச்சாலை எழுந்தது. சாதி கேளாமல் பசித்தோர்க்கு அங்கே சோறிட்டனர். அவ்வாண்டே அவர் பாடல்கள் 'திருவருட்பா' என்னும் பெயரோடு அச்சேறின. நம் காலத்து ஒருவர் பாட்டை நாயன்மார் திருமுறைகளோடு ஒப்ப வைத்து அருட்பா என்பதா என்று ஆறுமுக நாவலர் சீறினார். 1869இல் போலியருட்பா மறுப்பு வெளிவந்தது. மஞ்சக்குப்பம் நீதிமன்றத்தில் வழக்கும் நடந்தது. சுவாமிகள் உள்ளே வந்தபோது நாவலரே எழுந்து நின்றார் என்பது ஒரு சாரார் கூறும் கதை. மறு சாரார் அதனை ஒப்புவதில்லை. இருவரும் மறைந்த பின்னரும், இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கதிரைவேற் பிள்ளை, மறைமலையடிகள் முதலியோர் அப்போரைத் தொடர்ந்தனர்.

நாவலரை இகழ்வது என் நோக்கமன்று. பாடபேதம் பார்த்துப் பழைய நூல்களைப் பதிப்பித்த கண்ணுக்கு ஒரு சொல் இடம் மாறினும் பொறுக்காது. ஆயினும் யான் படித்த அக்கண்டனங்களில், 'அருட்பா' என்ற சொல்லுக்கு இலக்கணம் கண்டேன். வடலூர்ப் பந்தியில் அமர்ந்தவன் ஏன் அங்கு வந்தான் என்பதைக் கண்டிலேன். சண்டைக்குக் காகிதம் உண்டு, கஞ்சிக்கு இல்லை.

மேனாட்டில் ஐலீன் பார்க்கர் என்னும் பெண்மணி, கொரியாவில் மூன் என்பார் நிறுவிய சபையை ஆராய்ந்தார். 'மூளைச்சலவை' என்று பத்திரிகைகள் அலறிக்கொண்டிருந்த காலம் அது. அவர் சபையாரோடு தங்கினார். விலகியோரையும் பெற்றோரையும் விசாரித்தார். 1979இல் லண்டன் பகுதியில் நடந்த அச்சபையின் முகாம்களுக்குச் சென்ற ஆயிரத்துக்கு மேற்பட்டோரில், நூற்றுக்கு ஏறக்குறைய 90 பேர் சேரவேயில்லை எனக் கண்டார்; 1984இல் அதனை நூலாக வெளியிட்டார். வசியம் அத்துணை வலிதாயின் இத்தனை பேர் எங்ஙனம் தப்பினர்?

ஆனால் இதனைக் கொண்டு மறுபக்கம் சாய்ந்துவிடவும் கூடாது. 1978 நவம்பர் 18ஆம் நாள், கயானா நாட்டு ஜோன்ஸ்டவுனில் சபைத் தலைவன் ஒருவன் கட்டளையால் 900க்கு மேற்பட்டோர் மாண்டனர், குழந்தைகளுக்கும் நஞ்சூட்டினர். அங்கே தீங்கு நடக்கிறதென்று முன்னரே ஓலமிட்டவர்கள் விலகி வந்தோரும் உறவினருமே. விலகியவன் சொல்லெல்லாம் பொய் என்று ஒரே வீச்சில் தள்ளும் ஆராய்ச்சியும் ஒருவகைக் குருட்டு நம்பிக்கைதான்.

மனு கொடுத்துச் சில வாரம் கழித்து, ஒரு வெள்ளியிரவு அவ்வீட்டுக்குச் சென்றேன். பதினொருவர், ஒரு விளக்கு, சுக்குக் காப்பி. இங்கே வரத் தொடங்கிய பிறகே வீட்டுக்காரர் சம்சுவை விட்டார் என்றார் ஓர் அம்மாள். மறுநாள், அக்கூட்டத்தை விட்டு விலகிய ஓர் இளைஞனையும் தேடிப்போய்க் கேட்டேன். சம்பளத்தில் பங்கு கேட்டார்கள், நீங்கிவிட்டேன் என்றான். இரண்டையும் ஒரு தாளில் எழுதி, முன் மனுவோடு இணைக்குமாறு கொடுத்தேன். "இதில் நீர் எந்தப் பக்கம்?" என்றார் மானேஜர். கமிட்டியார் இன்னும் என்னோடு பேசுவதில்லை.